வாசலில் ஏல நோட்டீஸ்! வீடு போய்விட்டதா?

கொடைக்கானல் மலையில் அன்று நல்ல பனி.

அந்த வீட்டின் வாசல் கதவில் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. பசை இன்னும் காயவில்லை.

"அப்பா! இதில் உங்கள் பெயர் போட்டிருக்கிறது!" என்று கத்தினாள், பள்ளிக்கூடத்துக்குப் புறப்பட்ட மகள்.

அப்பா ஓடி வந்தார். காகிதத்தைப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது.

"நீ பள்ளிக்கூடம் போ. இது பெரியவர்கள் விஷயம்" என்றார்.

மகள் போகவில்லை. உரக்கப் படித்தாள். பாங்கியின் பெயர் இருந்தது. கடன் தொகை இருந்தது. நிலத்தின் சர்வே எண் இருந்தது. "சொத்து சுவாதீனம் எடுக்கப்பட்டது" என்று ஒரு வரி இருந்தது.

அடுப்படியில் இருந்து அம்மா வந்தாள்.

"என்னங்க இது? வீடு போயிடுச்சா?"

அவர் வாய் திறக்கவில்லை. பதில் தெரிந்தால் அல்லவா சொல்லுவார்!

வாசகர்களே! இந்தக் குடும்பம் நாம் கற்பனையில் கட்டிய குடும்பம். ஆனால் அந்தக் காகிதம் கற்பனை அல்ல. பத்திரிகைகளில் கட்டம் கட்டி வெளிவருகிறதே, "சுவாதீன அறிவிப்பு" என்றும் "ஏல அறிவிப்பு" என்றும்! அதே காகிதம்தான்.

அம்மா கேட்ட கேள்வியைப் பலர் கோர்ட்டில் கேட்டிருக்கிறார்கள். சிலர் ஜெயித்தார்கள். சிலர் தோற்றார்கள். அந்த வழக்குகளின் கதையை இங்கே பார்ப்போம்.

கடன் வந்த வழி

பூம்பாறை, மன்னவனூர், வில்பட்டி பக்கம் போயிருக்கிறீர்களா? மலைச்சரிவில் படிக்கட்டு கட்டியது போல நிலங்கள் இருக்கும். பூண்டு, கேரட், உருளைக்கிழங்கு விளையும். கொடைக்கானல் மலைப்பூண்டுக்குப் புவிசார் குறியீடு கூட உண்டு.

கீழ்மலையில் தாண்டிக்குடி, பண்ணைக்காடு பக்கம் காபியும் மிளகும் மலைவாழையும் விளையும்.

விளைச்சல் நிச்சயம் இல்லை. மார்கழியில் உறைபனி விழும். காட்டெருமை வரும். பன்றி வரும். 2018–ம் ஆண்டு நவம்பரில் "கஜா" புயல் வந்தது. அது கடற்கரையோடு நிற்காமல் இந்த மலையையும் ஒரு கை பார்த்துவிட்டுப் போனது.

ஆகவே பூண்டை மட்டும் நம்ப முடியாது என்று நம் குடும்பத் தலைவர் நினைத்தார். சுற்றுலாப் பயணிகள் வருகிறார்களே, வீட்டை ஒட்டி நாலு அறை கட்டி வாடகைக்கு விடலாம் என்று முடிவு செய்தார். பாங்கிக்குப் போனார். வீட்டையும் 2 ஏக்கர் பூண்டு நிலத்தையும் அடமானம் வைத்தார். கடன் கிடைத்தது. அறைகளும் எழுந்தன.

பிறகு 2020 வந்தது. கொரோனா! மலைக்கு வண்டி வரவில்லை. ஏரியில் படகுகள் கட்டிக் கிடந்தன. அறைகள் பூட்டிக் கிடந்தன. வட்டி மட்டும் பூட்டிக் கிடக்கவில்லை. அது வளர்ந்துகொண்டே போனது. ஊரடங்கு முடிந்த பிறகும் அவரால் அந்தப் பள்ளத்தில் இருந்து ஏற முடியவில்லை. சில ஆண்டுகள் அங்கே இங்கே புரட்டிக் கட்டினார். கடைசியில் தவணை நின்றுவிட்டது.

கோர்ட்டுக்குப் போகாமல் ஜப்தி!

முன்பெல்லாம் கடன் கொடுத்தவர் சொத்தை ஏலம் விட வேண்டும் என்றால் கோர்ட்டுக்குப் போகவேண்டும். வழக்குப் போட வேண்டும். தீர்ப்பு வாங்க வேண்டும். அதற்கு ஆண்டுக்கணக்கில் ஆகும்.

பாங்கிகளுக்காக 1993–ல் ஒரு சட்டம் வந்தது. கடன் வழக்குகளுக்கு என்றே தனிக் கோர்ட்டுகள் ஏற்பட்டன. அவற்றின் பெயர் கடன் வசூல் தீர்ப்பாயம். அங்கேயும் வழக்குகள் குவிந்தன.

பிறகு 2002–ல் இன்னொரு சட்டம் வந்தது. "சர்பாசி சட்டம்" என்று சுருக்கமாகச் சொல்லுவார்கள். இதன்படி பாங்கி கோர்ட்டுக்குப் போக வேண்டியதே இல்லை! நோட்டீஸ் கொடுக்கலாம். சொத்தை எடுக்கலாம். ஏலம் விடலாம். கடன் வாங்கியவருக்குக் குறை இருந்தால் அவர்தான் தீர்ப்பாயத்துக்குப் போகவேண்டும்.

இதில் ஒரு கொடுமை இருந்தது. தீர்ப்பாயத்தில் முறையிட வேண்டுமானால், பாங்கி கேட்கும் தொகையில் 75 சதவீதத்தை முதலில் கட்டவேண்டும் என்று சட்டம் சொன்னது.

யோசித்துப் பாருங்கள். 10 லட்சம் பாக்கி என்று பாங்கி சொல்கிறது. "கணக்கு தப்பு" என்று நீங்கள் சொல்ல வேண்டும். அதைச் சொல்லவே ஏழரை லட்சம் கட்ட வேண்டும்! ஏழரை லட்சம் கையில் இருந்தால் எதற்குக் கோர்ட்டுக்குப் போகிறார்?

குஜராத்தில் இருந்து ஒரு வழக்கு

இந்தச் சட்டத்தை எதிர்த்து வழக்குகள் கிளம்பின. குஜராத்தைச் சேர்ந்த மார்டியா கெமிக்கல்ஸ் என்ற கம்பெனியின் வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது.

2004–ம் ஆண்டு ஏப்ரல் 8–ந் தேதி தீர்ப்பு வந்தது.

"சட்டம் செல்லும். பாங்கிகள் சொத்தை எடுக்கலாம். ஆனால் 75 சதவீதம் கட்டு என்ற நிபந்தனை செல்லாது!" இதுதான் தீர்ப்பின் சாரம். அந்த நிபந்தனை நியாயமற்றது என்று கோர்ட்டு அதை அடித்துவிட்டது.

இன்னொன்றும் சொன்னது. நோட்டீஸ் பெற்றவர் ஆட்சேபம் எழுதினால், பாங்கி அதைப் படிக்க வேண்டும். ஏற்காவிட்டால் காரணம் சொல்ல வேண்டும். குப்பைக் கூடையில் போடக்கூடாது.

பெரிய கம்பெனி போட்ட வழக்குதான். ஆனால் அதன் பலன் நாலு அறை வைத்திருப்பவருக்கும் கிடைத்தது. இன்று அவர் 75 சதவீதம் கட்டாமலே தீர்ப்பாயத்தின் படி ஏறலாம்.

நாள் கணக்கு முக்கியம்

இந்தச் சட்டத்தில் எல்லாமே நாள் கணக்குதான். கவனமாகப் படியுங்கள்.

தவணை 90 நாள் வரை கட்டாமல் நின்றால், பாங்கி அதை "வராக்கடன்" என்று எழுதும். பயிர்க்கடனுக்கு இது வேறு. அங்கே அறுவடைப் பருவத்தை வைத்துக் கணக்கு.

அதன் பிறகு முதல் நோட்டீஸ் வரும். "60 நாளில் பாக்கியைக் கட்டு" என்று அது சொல்லும்.

அந்த 60 நாளுக்குள் நீங்கள் ஆட்சேபம் எழுதலாம். வட்டிக் கணக்கு தவறா? கட்டிய பணம் வரவு வைக்கப்படவில்லையா? எழுதுங்கள். பாங்கி 15 நாளில் பதில் தரவேண்டும்.

60 நாள் போய்விட்டால், பாங்கி சொத்தைச் சுவாதீனம் எடுக்கலாம். கதவில் நோட்டீஸ் ஒட்டும். இரண்டு பத்திரிகைகளில் போடும். அவற்றில் ஒன்று அந்தந்த ஊர் மொழிப் பத்திரிகையாக இருக்க வேண்டும்.

பெரும்பாலும் இது காகிதத்தில் எடுக்கும் சுவாதீனம்தான். குடும்பம் வீட்டுக்குள்ளேயே இருக்கும். ஆளை வெளியேற்றிப் பூட்டுப் போட வேண்டும் என்றால், பாங்கி கலெக்டரிடமோ மாஜிஸ்திரேட்டிடமோ போய் உதவி கேட்பது வழக்கம்.

இதை எதிர்த்துத் தீர்ப்பாயத்துக்குப் போக 45 நாள் அவகாசம். இந்த 45 என்ற எண்ணை மறக்காதீர்கள்.

ஏலம் விடுவதற்கு முன்பும் 30 நாள் நோட்டீஸ் கொடுக்க வேண்டும். இந்த நோட்டீஸ் வெறும் சடங்கு அல்ல என்று 2014–ல் சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது.

ஆகவே, கதவில் காகிதம் ஒட்டிய அன்றே வீடு போய்விடாது. அம்மாவின் கேள்விக்கு இது முதல் பதில்.

சாமி படத்துக்குப் பின்னால்...

நம் குடும்பத்துக்கு முதல் நோட்டீஸ் வரவில்லையா? வந்தது!

மூன்று மாதத்துக்கு முன்பு தபால்காரர் ஒரு பதிவுத் தபால் கொண்டுவந்தார். அப்பா கையெழுத்துப் போட்டு வாங்கினார். பாங்கியின் முத்திரையைப் பார்த்தார். பிரிக்கவில்லை. சாமி படத்துக்குப் பின்னால் செருகிவிட்டார்.

வீட்டில் சொன்னால் கலங்குவார்கள் என்று நினைத்தார். பூண்டு விற்றதும் கட்டிவிடலாம் என்று நினைத்தார். அவர் கெட்ட மனிதர் அல்ல. வெட்கப்பட்ட மனிதர்.

ஆனால் அந்த 60 நாள் போய்விட்டது. ஆட்சேபம் எழுதும் வாய்ப்பும் அதோடு போய்விட்டது.

கடன்காரர்கள் பலர் தோற்பது கோர்ட்டில் அல்ல. பிரிக்காத கவருக்குள்தான் தோற்கிறார்கள்.

பூண்டு நிலத்தைத் தொட முடியுமா?

"வீடு போனாலும் நிலம் போகாதாமே! விவசாய நிலத்தை பாங்கி எடுக்க முடியாதாமே!"

டீக்கடையில் இப்படிச் சொல்லக் கேட்டிருப்பீர்கள். இது பாதி உண்மை.

சர்பாசி சட்டம் விவசாய நிலத்துக்குப் பொருந்தாது. சட்டத்திலேயே அப்படி எழுதியிருக்கிறது. 31–வது பிரிவு. ஒரு லட்சம் ரூபாய்க்கு மேற்படாத அடமானத்துக்கும் பொருந்தாது. பாக்கி நிற்பது அசலும் வட்டியும் சேர்ந்த தொகையில் 20 சதவீதத்துக்குக் குறைவாக இருந்தாலும் பொருந்தாது.

ஆனால் எது விவசாய நிலம்? பட்டாவில் "புன்செய்" என்று எழுதியிருந்தால் போதுமா?

இந்தக் கேள்வி நம் தமிழ்நாட்டில் இருந்தே சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. இந்தியன் பாங்கி சம்பந்தப்பட்ட வழக்கு. வருவாய்த்துறைக் கணக்கில் விவசாய நிலம் என்று இருக்கிறது, ஆகவே சர்பாசி சட்டம் பொருந்தாது என்று சென்னை ஐகோர்ட்டு கடன் வாங்கியவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. பாங்கி அப்பீல் செய்தது.

2018–ம் ஆண்டு ஜூலை 20–ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது.

கணக்குப் புத்தகத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பது மட்டும் முடிவல்ல. அந்த நிலத்தில் உண்மையில் என்ன நடக்கிறது? எதற்காக அடமானம் வைத்தார்கள்? இதையெல்லாம் பார்க்க வேண்டும் என்று சொல்லி, வழக்கைத் தீர்ப்பாயத்துக்கே திருப்பி அனுப்பியது.

2023–ம் ஆண்டு ஜனவரியில் இன்னொரு தீர்ப்பு. நிலம் விவசாய நிலம்தான் என்று நிரூபிக்கும் பொறுப்பு கடன் வாங்கியவருடையது என்று சுப்ரீம் கோர்ட்டு சொன்னது.

ஆகவே மலை விவசாயிகளே! அடங்கல் வாங்கி வையுங்கள். விதைப்பூண்டு வாங்கிய ரசீது, மண்டியில் சரக்குப் போட்ட சீட்டு, இவற்றைத் தூக்கி எறியாதீர்கள். அடுப்பு பற்றவைக்க உதவும் அந்தச் சீட்டு, ஒருநாள் நிலத்தைக் காக்கவும் உதவும்.

கோவாவில் ஒரு ஓட்டல்

கொடைக்கானலுக்கு மிகவும் பொருந்தும் வழக்கு ஒன்று உண்டு. அது கோவாவில் நடந்தது.

அங்கே கடற்கரையில் ஒரு நட்சத்திர ஓட்டல். அதன் சொந்தக்காரக் கம்பெனி 2010–ல் ஐ.எப்.சி.ஐ. என்ற நிதி நிறுவனத்திடம் 150 கோடி ரூபாய் கடன் வாங்கியது. திருப்பிக் கட்டவில்லை. ஓட்டல் ஏலத்துக்கு வந்தது. ஐ.டி.சி. கம்பெனி 500 கோடிக்கு மேல் கொடுத்து ஏலம் எடுத்தது.

கடன் வாங்கிய கம்பெனி என்ன சொன்னது தெரியுமா? "அடமானம் வைத்த இடத்தில் ஒரு பகுதி விவசாய நிலம்! ஆகவே ஏலம் செல்லாது!" என்றது.

2018–ம் ஆண்டு மார்ச் 19–ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு இதை ஏற்க மறுத்தது. ஓட்டல் தொழிலுக்காக அடமானம் வைத்த இடத்தைப் பிறகு விவசாய நிலம் என்று சொல்ல முடியாது என்றது.

இதே தீர்ப்பில் பாங்கிகளுக்கும் ஒரு குட்டு உண்டு. ஆட்சேபத்துக்குப் பதில் சொல்லியே ஆகவேண்டும். அது கட்டாயம் என்று கோர்ட்டு அழுத்திச் சொன்னது. ஆனால் அந்த ஓட்டல் கம்பெனி பலமுறை தவணை கேட்டு வாங்கிவிட்டுக் கட்டாமல் விட்டது. ஆகவே அந்தக் குறையைச் சொல்லி அது தப்ப முடியவில்லை.

நம் குடும்பத்துக்கு இதில் பாடம் இருக்கிறது. பூண்டு விளையும் நிலம் தப்பலாம். அறைகள் கட்டிய இடத்தை விவசாய நிலம் என்று சொன்னால் எடுபடாது.

இன்னொரு எச்சரிக்கை. நிலம் இந்தச் சட்டத்தில் இருந்து தப்பினால் கடன் ரத்து ஆகிவிடாது. பாங்கி வழக்குப் போட்டு வசூலிக்கலாம். 20 லட்சமும் அதற்கு மேலும் என்றால் தீர்ப்பாயத்தில், குறைந்தால் சிவில் கோர்ட்டில். குறுக்கு வழி அடைபடுகிறது. நேர் வழி திறந்தே இருக்கிறது.

கண்ணாடிக் கடைக்காரர் கேட்ட கேள்வி

கொரோனா காலத்து வட்டிக்கு வருவோம்.

2020–ம் ஆண்டு மார்ச் 27–ந் தேதி ரிசர்வ் பாங்கி ஒரு சலுகையை அறிவித்தது. தவணையைத் தள்ளிப்போடலாம் என்றது. முதலில் 3 மாதம். பிறகு இன்னும் 3 மாதம். ஆகஸ்டு 31 வரை நீடித்தது.

நல்ல சலுகைதான். ஆனால் அந்த 6 மாதத்துக்கும் வட்டி ஓடியது. கட்டாத வட்டி அசலோடு சேர்ந்தது. அந்த வட்டிக்கும் வட்டி!

ஆக்ராவில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்த ஒருவர் வீட்டுக்கடன் வாங்கியிருந்தார். "கடையைத் திறக்காதே என்று சர்க்காரே சொல்கிறது. வருமானம் இல்லாத மாதத்துக்கு வட்டி எப்படிக் கட்டுவது?" என்று சுப்ரீம் கோர்ட்டில் வழக்குப் போட்டார்.

தனி மனிதர். சின்னக் கடைக்காரர். ஆனால் நாடே அந்த வழக்கைப் பார்த்தது.

2020 அக்டோபரில் மத்திய சர்க்கார் இறங்கி வந்தது. 2 கோடி ரூபாய் வரை கடன் வாங்கியவர்களுக்கு, அந்த 6 மாத வட்டிக்கு வட்டியைத் தானே கொடுப்பதாக அறிவித்தது. 2021 மார்ச் 23–ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு இன்னும் ஒரு படி போனது. கடன் எவ்வளவாக இருந்தாலும் அந்தக் காலத்துக்கு வட்டிக்கு வட்டி கூடாது என்றது.

ஆனால் வட்டியையே தள்ளுபடி செய்ய மறுத்துவிட்டது. பாங்கிகள் டெபாசிட் போட்டவர்களுக்கு வட்டி கொடுக்க வேண்டாமா என்று கேட்டது. அதுவும் நியாயம்தான். பாங்கியில் இருப்பது யார் பணம்? ஒரு பாட்டி மருந்துச் செலவுக்குப் போட்ட பணமும் அதில் இருக்கிறது.

தள்ளுபடி கேட்ட வழக்கு

"கோர்ட்டுக்குப் போனால் கடனைத் தள்ளுபடி செய்வார்களா?" என்று சிலர் கேட்கிறார்கள்.

2016–ம் ஆண்டு மே 23–ந் தேதி ஜெயலலிதா முதல்–மந்திரியாகப் பதவி ஏற்றார். அன்றே கூட்டுறவுப் பயிர்க்கடன் தள்ளுபடிக்குக் கையெழுத்துப் போட்டார். சிறு, குறு விவசாயிகளுக்கு, அதாவது 5 ஏக்கர் வரை உள்ளவர்களுக்கு மட்டும்.

"எங்களுக்கு ஏன் இல்லை?" என்று மற்ற விவசாயிகள் கேட்டார்கள். அய்யாக்கண்ணு தலைமையிலான தென்னிந்திய நதிகள் இணைப்பு விவசாயிகள் சங்கம் வழக்குப் போட்டது. ஐகோர்ட்டின் மதுரைக் கிளையில் வழக்கு நடந்தது. கொடைக்கானலும் இந்தக் கிளையின் எல்லைக்குள்தான் வருகிறது.

2017 ஏப்ரலில் மதுரைக் கிளை, "எல்லா விவசாயிகளுக்கும் தள்ளுபடி கொடு" என்று உத்தரவிட்டது. ஊரெல்லாம் மகிழ்ச்சி!

தமிழ்நாடு சர்க்கார் அப்பீல் செய்தது. சுப்ரீம் கோர்ட்டு தடை விதித்தது. 2021 நவம்பர் 23–ந் தேதி இறுதித் தீர்ப்பு வந்தது. சின்ன விவசாயிக்கு மட்டும் சலுகை கொடுத்தது பாரபட்சம் அல்ல என்று சொல்லி, மதுரைக் கிளையின் உத்தரவை ரத்து செய்துவிட்டது.

இதில் இருந்து என்ன தெரிகிறது? தள்ளுபடி என்பது சர்க்கார் கொடுப்பது. கோர்ட்டு கொடுப்பது அல்ல.

"ஒரே தவணையில் குறைத்துக் கட்டுகிறேன்" என்று பாங்கியோடு பேசித் தீர்ப்பதும் அப்படித்தான். அது பாங்கியின் சம்மதம். உரிமை என்று கேட்டு உத்தரவு வாங்க முடியாது. 2021 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட்டு இதையும் சொல்லிவிட்டது. ஆகவே பேரம் பேசுங்கள். கும்பிட்டுக் கேட்க வேண்டாம். கணக்கோடு போய்க் கேளுங்கள்.

ஜெயில் உண்டா?

கிராமத்தில் பலருக்கு உள்ள பயம் இதுதான். "கடன் கட்டாவிட்டால் பிடித்துக்கொண்டு போய்விடுவார்களோ?"

1980–ல் கேரளத்தில் இருந்து ஒரு வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்தது. கொச்சி பாங்கிக்குக் கட்ட வேண்டிய பணத்துக்காகக் கடன்காரர்களுக்கு வாரண்டு பிறந்திருந்தது. வழக்கை விசாரித்தவர் புகழ்பெற்ற நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர்.

ஏழையாக இருப்பது குற்றம் அல்ல என்றார் அவர். கையில் பணம் இருந்தும் ஏமாற்றுகிறவன் வேறு. இல்லாததால் கட்டாதவன் வேறு. இல்லாதவனை ஜெயிலில் போடுவது நியாயம் அல்ல என்று தீர்ப்புச் சொன்னார்.

பொய்ப் பத்திரம் கொடுத்தால், செக்கு திரும்பினால் கதை வேறு. அவை தனிக் குற்றங்கள்.

அடியாள் வரலாமா? கூடாது! 2007–ல் ஒரு வண்டிக் கடன் வழக்கில், அடியாட்களை வைத்துப் பறிப்பதை சுப்ரீம் கோர்ட்டு கண்டித்தது. காலை 8 மணிக்கு முன்பும் மாலை 7 மணிக்குப் பின்பும் வசூல்காரர்கள் டெலிபோன் செய்யக்கூடாது என்று 2022 ஆகஸ்டில் ரிசர்வ் பாங்கி உத்தரவிட்டது.

ஜாமீன் போடும் மாமன், மச்சான்களுக்கும் ஒரு வார்த்தை. "முதலில் அவனிடம் கேளுங்கள், பிறகு என்னிடம் வாருங்கள்" என்று ஜாமீன்தாரர் சொல்ல முடியாது. பாங்கி நேரே அவர் வீட்டுக்கே வரலாம். 1968–லேயே சுப்ரீம் கோர்ட்டு சொன்ன தீர்ப்பு இது.

அமெரிக்காவிலும் இதே கதை

கடன் தொல்லை நமக்கு மட்டும் அல்ல.

இங்கிலாந்தில் கடன்காரர்களை ஜெயிலில் போடுவார்கள். நாவலாசிரியர் சார்லஸ் டிக்கன்சின் தகப்பனார் 1824–ல் அப்படி ஜெயிலுக்குப் போனார். சிறுவன் டிக்கன்ஸ் தொழிற்சாலையில் வேலை செய்தான்.

அமெரிக்காவில் 1930–களில் பெரிய பொருளாதார வீழ்ச்சி. பண்ணைகள் ஏலத்துக்கு வந்தன. பக்கத்துப் பண்ணைக்காரர்கள் ஒன்று சேர்ந்து வந்து சில்லறைக் காசுக்கு ஏலம் கேட்பார்கள். வேறு யாரையும் கேட்க விடமாட்டார்கள். வாங்கியதைச் சொந்தக்காரருக்கே திருப்பிக் கொடுத்துவிடுவார்கள்!

மின்னசோட்டா மாநிலம் 1933–ல் ஒரு சட்டம் போட்டது. ஏலம் போன சொத்தை மீட்க கோர்ட்டு கூடுதல் அவகாசம் தரலாம் என்றது. பிளைஸ்டெல் என்ற தம்பதியர் அந்த அவகாசத்தைக் கேட்டார்கள். அவர்களும் வீட்டின் ஒரு பகுதியில் குடியிருந்துகொண்டு மற்ற அறைகளை வாடகைக்கு விட்டவர்கள்தான்! மாதம் 40 டாலர் கட்டு என்று சொல்லி கோர்ட்டு அவகாசம் தந்தது. கடன் கொடுத்த நிறுவனம் அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டு வரை போனது. 1934–ல் 5 நீதிபதிகள் ஒரு பக்கம், 4 நீதிபதிகள் மறுபக்கம். தம்பதியர் ஜெயித்தார்கள்.

நம் சென்னை மாகாணத்திலும் ராஜாஜி பிரதம மந்திரியாக இருந்தபோது 1938–ல் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் வந்தது. 1937 அக்டோபர் 1–ந் தேதி வரை பாக்கி நின்ற வட்டியை அது ஒழித்தது. அதை எதிர்த்து அன்றைய கூட்டாட்சிக் கோர்ட்டு வரை போனார்கள். சட்டம் நிலைத்தது.

மதுரைக்கு ஒரு பயணம்

சரி, நம் குடும்பம் இப்போது என்ன செய்யலாம்?

நேரே ஐகோர்ட்டுக்கு ஓட வேண்டாம். தீர்ப்பாயம் இருக்கும்போது ஐகோர்ட்டு இந்த வழக்குகளில் தலையிடக் கூடாது என்று 2010–ல் சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கிறது. பிறகும் பலமுறை சொல்லியிருக்கிறது.

திண்டுக்கல் மாவட்டத்துக்குத் தீர்ப்பாயம் மதுரையில் இருக்கிறது. மலையிறங்கி வத்தலக்குண்டு வழியாகப் போக வேண்டும். 45 நாளுக்குள் மனு கொடுக்க வேண்டும். மனு கொடுத்தாலே ஏலம் நின்றுவிடாது. தடை உத்தரவு தனியாகக் கேட்க வேண்டும். அங்கே தோற்றால் சென்னையில் மேல் தீர்ப்பாயம். ஆனால் அங்கே போக, பாக்கியில் பாதியைக் கட்ட வேண்டும். காரணம் காட்டினால் கால் பங்கு வரை குறைக்கலாம்.

வக்கீல் வைக்க வசதி இல்லையா? சட்டப் பணிகள் ஆணைக்குழுவிடம் போகலாம். பெண்களுக்கும் தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. பழனி மலையின் பளியர், புலையர் குடும்பங்கள் இதைத் தெரிந்துகொள்வது நல்லது.

ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறோம். கோர்ட்டு நேரம் கொடுக்கும். பணம் கொடுக்காது. பாங்கி முறை தவறியிருந்தால் நடவடிக்கையை ரத்து செய்யும். முறையாக நடந்திருந்தால், கடன் கட்டியே ஆகவேண்டும்.

சொத்தை மீட்கவும் ஒரு கெடு உண்டு. முன்பு ஏலம் முடியும் வரை பணம் கட்டி மீட்கலாம். 2016–ல் சட்டம் திருத்தப்பட்டது. ஏல அறிவிப்பு வெளியாவதற்கு முன்பே முழுப் பாக்கியும் கட்ட வேண்டும். 2023 செப்டம்பரில் சுப்ரீம் கோர்ட்டு இதை உறுதி செய்தது.

பாங்கியின் சம்மதத்தோடு ஒரு பகுதியை நாமே நல்ல விலைக்கு விற்று அடைப்பது உண்டு. ஏலத்தில் அடிமாட்டு விலைக்குப் போவதைவிட அது மேல். ஆனால் அதையும் காலத்தில் செய்ய வேண்டும்.

45–ல் ஒன்று

அன்று மாலை மகள் பள்ளிக்கூடத்தில் இருந்து திரும்பினாள்.

சாமி படத்துக்குப் பின்னால் இருந்த கவர் இப்போது பாயின் மேல் கிடந்தது. அம்மா பிரித்திருந்தாள். பக்கத்தில் மண்டிச் சீட்டுகள். பாங்கி பாஸ் புத்தகம். பட்டா.

அப்பா தலை குனிந்து உட்கார்ந்திருந்தார்.

"முன்னாலேயே சொல்லியிருந்தா, நானும் சேர்ந்து படிச்சிருப்பேன் இல்லைங்க?" என்றாள் அம்மா. கோபமாகச் சொல்லவில்லை.

மகள் சுவரில் தொங்கிய மாதக் காலண்டரைக் கழற்றிக் கொண்டுவந்தாள். பேனாவை எடுத்தாள். ஒவ்வொரு நாளாக எண்ணினாள். ஒரு தேதியைச் சுற்றி வட்டம் போட்டாள்.

"இன்னும் எத்தனை நாள் இருக்கு?"

"நாற்பத்து நாலு, அம்மா."

அம்மா மண்டிச் சீட்டுகளைத் தேதி வாரியாக அடுக்கத் தொடங்கினாள்.

"நாளைக்கு முதல் பஸ் எத்தனை மணிக்கு?" என்று கேட்டார் அப்பா.